சுவாவிலிருந்து ஒரு கடிதம்: யூனியன் படிவத்தில் கையெழுத்துப் போடலாமா?

கேள்வி:

நான் பிஜிக்கு வந்து இரண்டரை ஆண்டு ஆகிறது. சுவாவில் ஓர் அரசுத் துறையில் சிவில் இன்ஜினியர், மூன்றாண்டு ஒப்பந்தம். என் அனுபவத்தைப் பார்த்துச் சம்பளப் படி (ஸ்டெப்) போடுவதாக இன்டர்வியூவில் வாயால் சொன்னார்கள். ஆர்டர் கைக்கு வந்தபோது அந்த பேண்டின், அதாவது சம்பள வரம்பின், அடிப்படியில் போட்டிருந்தார்கள். போகப் போகச் சரியாகும் என்று விட்டுவிட்டேன். ஒப்பந்தம் முடிய இன்னும் ஐந்தே மாதம். புதுப்பிப்பதைப் பற்றிப் பேச்சே காணோம். பக்கத்து மேசைக்காரர் பிஜி பப்ளிக் சர்வீஸ் அசோசியேஷன் படிவத்தை நீட்டி, "சேர்ந்துவிடு, அவர்கள் பார்த்துக்கொள்வார்கள்" என்கிறார். இன்னொருவர், "அது அரசியல்வாதிகளின் யூனியன், வெளிநாட்டுக்காரன் உனக்கு எதற்கு? வேலை பெர்மிட்டுக்கே ஆபத்து" என்கிறார். என் அப்பா தமிழ்நாட்டில் 2003 வேலைநிறுத்தத்தில் டிஸ்மிஸ் ஆனவர். அந்த மாதங்களில் வீட்டில் பட்ட பாடு இன்னும் நினைவிருக்கிறது. சங்கத்தில் சேரலாமா? சேர்ந்தால் படியும் புதுப்பிப்பும் கிடைக்குமா?

– பெயர் வேண்டாம், சுவா

பதில்:

தம்பி,

உங்கள் கடிதத்தை இரண்டு தடவை படித்தேன். முதல் தடவை கேள்விக்காக, இரண்டாம் தடவை அப்பாவைப் பற்றிய அந்த ஒரு வரிக்காக. அதற்குப் பிறகு வருகிறேன்.

முதலில் ஒரு சின்ன விஷயம். "சங்கத்தில் சேரலாமா" என்று எனக்கு எழுதியதுபோல உங்கள் அலுவலகத்தில் கேட்டுவிடாதீர்கள். பிஜியில் "சங்கம்" என்றால் எல்லோருக்கும் புரிவது ஒன்றுதான்: சாது குப்புசாமி 1926ல் தொடங்கிய தென்னிந்திய சன்மார்க்க ஐக்கிய சங்கம். ஊருக்கு ஊர் பள்ளிக்கூடம், நாந்தியில் சிவசுப்பிரமணிய சுவாமி கோயில், லம்பாசாவில் நர்சிங் கல்லூரி என்று அதற்குப் பெரிய குடும்பம். 1903க்குப் பிறகு கரும்புத் தோட்டத்துக்குக் கப்பலேறி வந்த நம் ஆட்களின் பேரப்பிள்ளைகள் கட்டிக் காப்பது. கவுண்டர், நாயுடு, பிள்ளை என்று பெயர்ப்பலகை வைத்திருப்பார்கள், பேசுவது பிஜி இந்தி மொழியாக இருக்கும். நீங்கள் "சங்கத்தில் சேரணும்" என்றால், "சேரலாமே, ஞாயிற்றுக்கிழமை கோயிலுக்கு வா" என்று அன்பாகக் கூட்டிக்கொண்டு போய்விடுவார்கள். சுவாவில் இருந்த காலத்தில் எனக்கே இது நடந்தது. சாப்பாடு பிரமாதமாக இருந்தது, வழக்குதான் நகரவில்லை. ஆகவே இனி யூனியன் என்றே சொல்கிறேன்.

பெர்மிட் பயத்தை முதலில் தீர்த்துவிடலாம். பிஜியின் 2013 அரசியலமைப்பில் 20ஆம் பிரிவைப் பாருங்கள். யூனியன் அமைக்கவும், அதில் சேரவும், அதன் நடவடிக்கைகளில் பங்கெடுக்கவும் "ஒவ்வொரு தொழிலாளிக்கும்" உரிமை உண்டு என்கிறது. அதே அரசியலமைப்பு, கட்சியில் சேரும் உரிமையைச் சொல்லும் 23ஆம் பிரிவில் "ஒவ்வொரு குடிமகனுக்கும்" என்று சொல்லை மாற்றிக்கொள்கிறது. எழுதியவர்கள் தெரிந்துதான் எழுதியிருக்கிறார்கள். உங்களுக்கு யூனியன் உண்டு, கட்சி கிடையாது. இந்தக் கோட்டை மட்டும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். யூனியனில் சேரக்கூடாது என்று வேலைக்கு நிபந்தனை போடுவதை வேலை உறவுச் சட்டமும் தடுக்கிறது.

பெர்மிட் தொங்கிக்கொண்டிருப்பது உங்கள் வேலையில். வேலை முடிந்தால் அதுவும் முடியும். எனவே அதற்கு ஆபத்து யூனியன் படிவத்திலிருந்து வரப்போவதில்லை, ஐந்து மாதத்தில் முடியப்போகும் ஒப்பந்தத்திலிருந்துதான் வரும். உங்களைப் பயமுறுத்தும் நண்பர் தவறான இடத்தைக் காட்டிப் பயமுறுத்துகிறார்.

சட்டம் இப்படி இருந்தாலும் மேலதிகாரியின் முகத்தை அது மாற்றாது, அதையும் சொல்லிவிட வேண்டும். சந்தாவைச் சம்பளத்தில் பிடித்தால் சம்பளப் பிரிவுக்கு நீங்கள் உறுப்பினர் என்று தெரியும். வங்கி வழியாக நீங்களே கட்டினால் உங்களுக்கும் யூனியனுக்கும் மட்டும் தெரியும். இரண்டில் எது என்பது உங்கள் விருப்பம். என்னைக் கேட்டால், புதுப்பிப்பு முடியும்வரை வங்கி வழி. கோழைத்தனம் என்று சிலர் சொல்வார்கள், சொல்லட்டும்.

"அரசியல்வாதிகளின் யூனியன்" என்ற பேச்சுக்கு வருவோம். அதில் பாதி உண்மை, பழைய உண்மை. காலனி ஆட்சிக் காலத்திலேயே பிறந்த அமைப்பு இது. 1984 நவம்பரில் அன்றைய அரசு சம்பள உயர்வை முடக்கியது. பேசிப் பார்த்தும் பயனில்லாமல் போக, தொழிற்சங்கங்கள் சேர்ந்து 1985 ஜூலையில் பிஜி தொழிலாளர் கட்சியைத் தொடங்கின. அதன் தலைவரானவர் டாக்டர் திமோதி பவாந்திரா. அரசு மருத்துவராக இருந்தவர், உங்கள் கையில் இருக்கும் படிவத்தின் யூனியனுக்குத் தலைவராக இருந்தவர். பூர்வகுடித் தலைவர் ஒருவரும் இந்திய வம்சாவளி வாக்காளர்களும் ஒரே பக்கம் நின்றது அந்த நாட்டில் புதுசு. 1987 ஏப்ரலில் கூட்டணி ஜெயித்தது, அவர் பிரதமர் ஆனார். ஆட்சி ஒரு மாதம்தான். மே 14ஆம் தேதி காலை பத்து மணிக்கு முகமூடி போட்ட பத்துச் சிப்பாய்கள் நாடாளுமன்றத்துக்குள் நுழைந்தார்கள். நடத்தியவர் லெப்டினன்ட் கர்னல் சிதிவேனி ரம்புகா.

அதே யூனியனின் பொதுச்செயலாளராக 1970 முதல் இருந்த மகேந்திர சவுத்ரி 1999 மே மாதம் பிரதமரானார், அந்நாட்டின் முதல் இந்திய வம்சாவளிப் பிரதமர். சரியாக ஓராண்டு கழித்து, 2000 மே 19 அன்று, ஆட்சியைக் கவிழ்க்க வந்த ஜார்ஜ் ஸ்பைட்டின் ஆட்கள் அவரை நாடாளுமன்றத்திலேயே பிடித்து 56 நாள் பிணைக்கைதியாக வைத்திருந்தார்கள்.

ஒரு குமாஸ்தா யூனியனுக்கு இரண்டு பிரதமர்கள், இரண்டு கவிழ்ப்புகள். வேறெந்த ஊரிலும் நான் கேள்விப்பட்டதில்லை. "அரசியல் யூனியன்" என்ற பெயர் இங்கிருந்து வந்ததுதான். ஆனால் 2013ல் வந்த கட்சிகள் பதிவுச் சட்டம் யூனியன் பொறுப்பாளர்களையும் பொது அலுவலர் பட்டியலில் வைத்து, கட்சிப் பொறுப்பு வேண்டுமென்றால் யூனியன் பதவியை விட்டுவிட்டுப் போ என்றது. அன்றைய அரசு அதை நல்லெண்ணத்தில் கொண்டுவந்ததாக நான் நம்பவில்லை. ஆனாலும் உங்கள் நண்பர் சொல்லும் கதை அவருடைய இளமைக்காலக் கதை.

அந்த யூனியன் பட்ட அடிகளைத் தெரிந்துகொண்டால்தான் அதனிடம் எதை எதிர்பார்க்கலாம் என்பது புரியும். 2006 டிசம்பரில் ராணுவத் தளபதி பைனிமராமா ஆட்சியைப் பிடித்தார். அடுத்த ஆண்டே அரசு ஊழியர் சம்பளத்தில் 5 சதவீதம் வெட்டு. செவிலியர்கள் இரண்டு வாரத்துக்கு மேல் வெளியே நின்றும் வெட்டை முழுசாகத் திருப்ப முடியவில்லை. ஓய்வு வயதை 60லிருந்து 55க்கு இறக்குவதும் அப்போதே பேசப்பட்டு 2009ல் நிறைவேறியது. 54 வயதில் வீட்டுக்கடன் வைத்திருந்தவர்களின் நிலையை நினைத்துப் பாருங்கள். 2011ல் அரசாணை ஒன்று அரசு ஊழியர்களை வேலை உறவுச் சட்டத்துக்கே வெளியே தள்ளியது. கூடவே சந்தாவைச் சம்பளத்தில் பிடித்துத் தரும் வசதியையும் அப்போது நிறுத்திவிட்டார்கள்.

இந்தக் கடைசி விஷயம் கேட்கச் சின்னதாக இருக்கும். ஒரு யூனியனை மூட அதைத் தடை செய்ய வேண்டியதில்லை, பிடித்தத்தை நிறுத்தினால் போதும். அதுவரை மாதா மாதம் தானாக வந்த பணத்துக்கு, மேசை மேசையாக ரசீதுப் புத்தகத்தோடு போய் நிற்க வேண்டும். "அடுத்த சம்பளத்துக்குத் தர்றேன்" என்று நல்ல உறுப்பினரே சொல்வார். மதுரையில் யூனியன் பொறுப்பில் இருந்தபோது நானும் ரசீதுப் புத்தகத்தோடு அலைந்தவன், அதனால் தெரியும்.

விஷயம் ஜெனீவா வரை போனது. பன்னாட்டுத் தொழிலாளர் அமைப்பு அனுப்பிய குழுவை 2012 செப்டம்பரில் பிஜி அரசு நாட்டைவிட்டு வெளியேற்றியது. அடுத்த ஆண்டு அந்த அமைப்பின் மாநாட்டில் பிஜி மீது புகார் பதிவானது. சட்டங்களைத் திருத்த அரசு ஒப்புக்கொண்ட பிறகுதான் 2016 மார்ச்சில் புகார் முடித்துவைக்கப்பட்டது. ஓய்வு வயது மறுபடி 60 ஆனது 2023ல். பதினான்கு ஆண்டு ஒரே கோரிக்கையை விடாமல் எழுதிக்கொண்டே இருந்ததன் பலன் அது. அதை 60க்குத் திருப்பிய அரசின் பிரதமர் யார் தெரியுமா? 1987ல் யூனியன் தலைவரின் ஆட்சியைக் கவிழ்த்த அதே ரம்புகா. பிஜி அரசியலைப் புரிந்துகொள்ள முயன்று தலைவலி வந்தவர்களில் நானும் ஒருவன்.

இனி உங்கள் அப்பா. 2003 ஜூலையில் தமிழ்நாடு அரசு, அத்தியாவசியப் பணிகள் பராமரிப்புச் சட்டமான டெஸ்மாவைப் பாய்ச்சிச் சுமார் 1.70 லட்சம் பேரை ஒரேயடியாக வீட்டுக்கு அனுப்பியது. ஆகஸ்டு 6ஆம் தேதி உச்ச நீதிமன்றம், அரசு ஊழியருக்கு வேலைநிறுத்த உரிமையே கிடையாது என்று தீர்ப்பு எழுதியது. மன்னிப்புக் கடிதமும் உறுதிமொழியும் கொடுத்துத்தான் பெரும்பாலானோர் திரும்பினார்கள். உங்கள் அப்பாவும் எழுதித்தான் கொடுத்திருப்பார். அந்தக் கடிதங்களை நான் கட்டுக்கட்டாகப் பார்த்திருக்கிறேன். ஒரே வாசகம், வேறு வேறு கையெழுத்து. அதைப் பற்றி அவரிடம் பேசியதில்லை என்றால், ஒருநாள் பேசுங்கள்.

ஆனால் அவர் வேலை போனது யூனியனில் இருந்ததற்காக இல்லை, வேலைநிறுத்தம் செய்ததற்காக. வீட்டில் இரண்டும் ஒன்றாகவே பதிந்துவிட்டது. பிஜியில் இவை இரண்டும் வெகுதூரத்தில் இருக்கின்றன. அங்கே வேலைநிறுத்தம் என்றால் ரகசிய வாக்கெடுப்பு நடந்து, உறுப்பினர்களில் பாதிக்கு மேல் ஆதரித்தாக வேண்டும். 2015 திருத்தம் அரசு ஊழியர்களை மறுபடி வேலை உறவுச் சட்டத்துக்குள் கொண்டுவந்து, அரசாங்கத்தையே "அத்தியாவசிய சேவை மற்றும் தொழில்" பட்டியலில் சேர்த்துவிட்டதால் தகராறுகள் நடுவர் நீதிமன்றத்துக்குப் போகும்படி வழி போட்டிருக்கிறார்கள். யாரோ ஒருவர் காலையில் மைக்கைப் பிடித்து, மதியம் நீங்கள் தெருவில் நிற்கும் கதை அங்கே நடக்காது.

பக்கத்துத் தீவு நாடான டோங்காவில் 2005ல் நடந்ததை யாராவது உங்களுக்குச் சொல்லக்கூடும். உயரதிகாரிகளுக்கு மட்டும் தாராளமாகப் போட்ட புதுச் சம்பளத் திட்டத்தை எதிர்த்து ஆசிரியர், நர்ஸ், குமாஸ்தா எல்லோரும் ஜூலையில் இறங்கி, தலைநகர் நுகுஅலோபாவின் பூங்காவில் ஆறு வாரம் உட்கார்ந்தார்கள். 60, 70, 80 சதவீத உயர்வு கிடைத்தது, அதுவும் கீழ்மட்டத்துக்குத்தான் அதிகம். பசிபிக் முழுக்க இன்றும் பேசுவார்கள். அடுத்த ஆண்டே கஜானா தாங்காமல் நூற்றுக்கணக்கானோரை விருப்ப ஓய்வில் அனுப்பியதைச் சொல்பவர்கள் குறைவு. உங்களுக்கு அந்தக் கதை தேவைப்படாது.

உங்களுக்குத் தேவை ஒரு நாற்காலி. ஒருமுறை சுவாவில் ஒரு விசாரணை அறைக்கு வெளியே காத்திருந்தேன், கதவு பாதி திறந்திருந்தது. நீண்ட மேசைக்கு ஒரு பக்கம் மூன்று பேர், பைல்கள், தண்ணீர் ஜக். இந்தப் பக்கம் பதிவறை ஊழியர் பெண்மணி ஒருவர், கைப்பையை மடியில் இறுக்கிப் பிடித்தபடி. மூவரில் நடுவில் இருந்தவர் நாற்காலியில் சாய்ந்துகொண்டு கேள்விமேல் கேள்வியாகக் கேட்டுக்கொண்டிருந்தார். பூப்போட்ட பூலா சட்டை அணிந்த யூனியன்காரர் ஒருவர் மழையில் நனைந்து பத்து நிமிடம் தாமதமாக வந்தார். அந்த அம்மாவுக்குப் பக்கத்து நாற்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்தார். நோட்டைத் திறந்தார். தேதி எழுதினார், நேரம் எழுதினார். பிறகு எதிரே இருந்த மூவரிடமும் பெயர் என்ன, பதவி என்ன என்று ஒவ்வொருவராகக் கேட்டு, எழுத்துக்கூட்டி எழுதிக்கொண்டார். அவ்வளவுதான், வாதம் எதுவும் செய்யவில்லை. சாய்ந்திருந்தவர் நிமிர்ந்து உட்கார்ந்துவிட்டார். அந்த அம்மாவின் கை பையிலிருந்து மேசைமேல் வந்தது.

யூனியன் சந்தா பெரும்பாலும் இதற்குத்தான்.

இப்போது உங்கள் இரண்டு குறைகள். இங்கே கொஞ்சம் கசப்பாகப் பேச வேண்டியிருக்கிறது.

பிஜியில் சாதாரணத் தனியார் ஊழியர் ஒருவர் வேலைக்குறையைப் பதிவுசெய்ய ஆறு மாதம் அவகாசம் உண்டு. அரசு ஊழியருக்கு, அத்தியாவசியப் பட்டியலில் இருப்பதால், குறை முதன்முதலில் எழுந்த நாளிலிருந்து 21 நாள். இருபத்தொன்று. வேலை உறவுச் சட்டத்தின் 188ஆம் பிரிவுக்குள் ஒளிந்திருக்கும் இந்த எண்ணைத் தெரியாமல் நியாயமான வழக்கைத் தோற்றவர்கள் பலர். மேலதிகாரி "பார்க்கலாம், பார்க்கலாம்" என்று சொல்லிக்கொண்டிருக்கும்போதே இருபத்தொன்று ஓடிவிடும். ஒருவருடைய பைலை நான் பார்த்தபோது அவர் 24ஆம் நாள் மனு கொடுத்திருந்தார். நடுவில் ஒரு ஈஸ்டர் விடுமுறை, நம்பிக்கையான ஒரு தொலைபேசிப் பேச்சு. அவர் பக்கம் நியாயம் இருந்ததா என்று பார்க்கும் கட்டத்துக்கே வழக்கு வரவில்லை.

உங்கள் சம்பளப் படிக் குறை எழுந்தது ஆர்டர் கைக்கு வந்த அன்று, இரண்டரை ஆண்டுக்கு முன்பு. வாய்வாக்குறுதிக்குச் சாட்சியும் இல்லை. அதை வழக்காக்கி நிலுவை வாங்கலாம் என்று யாராவது சொன்னால் அவர்களிடம் பணம் கொடுத்துவிடாதீர்கள். யூனியனும் இதை எடுக்காது என்றே நினைக்கிறேன், உறுப்பினராவதற்கு முன் முளைத்த தகராறை எடுக்கப் பெரும்பாலான யூனியன்கள் தயங்கும். அது நியாயமும்கூட, பத்து ஆண்டு சந்தா கட்டியவர் வரிசையில் நிற்கிறாரே.

ஆனால் அதே குறைக்கு இன்னொரு வாசல் திறக்கப்போகிறது. புதுப்பிப்பு என்பது புதிய ஒப்பந்தம். அதில் கையெழுத்துப் போடுவதற்கு முன்பு எந்தப் படி என்று பேச உங்களுக்கு உரிமை உண்டு, போட்ட பிறகு கிடையாது. போன தடவை செய்த தவறு குறைந்த படியை ஏற்றுக்கொண்டதுகூட இல்லை, மறுப்பை எழுத்தில் வைக்காமல் கையெழுத்துப் போட்டதுதான். இந்த முறை பேண்டு எது, படி எது, எந்த அனுபவச் சான்றிதழின் பேரில் கேட்கிறீர்கள் என்பதை ஒரு பக்கத்தில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள். ஒரே பேண்டில் இருப்பவர்களுக்கு எந்தப் படி போடப்படுகிறது என்ற பொதுவான நிலவரம் யூனியன் அலுவலகத்துக்குத் தெரிந்திருக்கும். சேர்ந்தால் உடனே கிடைக்கக்கூடிய பயன் என்று ஒன்றைச் சொல்லச் சொன்னால் இதைச் சொல்வேன். தனியாளாக உங்களுக்கு உங்கள் பே ஸ்லிப் மட்டும்தான் தெரியும், அவர்களுக்கு நூறு பேருடையது தெரியும்.

புதுப்பிப்பு கிடைக்குமா என்றால், அதை யூனியனால் வாங்கித் தர முடியாது. 2016ஐ ஒட்டி நடந்த சீர்திருத்தத்தில் நிரந்தரப் பணிகள் பல காலவரையறை ஒப்பந்தங்களாக மாறின. குறித்த தேதியில் ஒப்பந்தம் முடிவதைப் பணிநீக்கம் என்று சட்டம் பார்ப்பதில்லை, அதனால் அதை எதிர்த்து நிற்கும் பிடி மிகக் குறைவு. "இத்தனை மாதத்துக்கு முன் அறிவிக்க வேண்டும்", "ஆண்டு மதிப்பீட்டின் பேரில் புதுப்பிக்கலாம்" என்று ஏதாவது உங்கள் ஒப்பந்தத்திலேயே எழுதியிருந்தால் அது பிடி. அந்தக் காகிதத்தை இன்றிரவு எடுத்து, ஒவ்வொரு வரியையும் விரல் வைத்துப் படியுங்கள். இன்ஜினியர்கள் டெண்டர் ஆவணத்தை இருநூறு பக்கம் படிப்பார்கள், சொந்த ஒப்பந்தத்தைச் சம்பள வரியோடு மூடிவிடுவார்கள்.

யாரிடம் எழுதுவது என்பதிலும் பலர் வழிதவறுகிறார்கள். உங்கள் மேலாளர் நல்லவராக இருக்கலாம், ஆனால் அவரிடம் அதிகாரம் இல்லை. அரசியலமைப்பின் 127ஆம் பிரிவுப்படி ஒரு அமைச்சகத்தில் ஆட்களை எடுக்கவும் நீக்கவும் ஒழுங்கு நடவடிக்கை எடுக்கவும் அதிகாரம் நிரந்தரச் செயலாளரிடம், அதுவும் அமைச்சரின் சம்மதத்தோடு. ஆகவே புதுப்பிப்பு கேட்கும் கடிதம் நிரந்தரச் செயலாளர் பெயருக்கு, மேலாளர் வழியாகப் போகட்டும். குறையை அதில் கொட்டாதீர்கள். தொடர விரும்புகிறேன், என் மதிப்பீடுகள் இவை, முடித்த வேலைகள் இவை, இன்ன தேதிக்குள் முடிவு தெரிந்தால் பெர்மிட் நீட்டிப்புக்கு விண்ணப்பிக்க வசதி, அவ்வளவு போதும். இரண்டு பிரதி எடுத்துப் போய், ஒன்றில் பெறப்பட்ட முத்திரையும் தேதியும் வாங்கி வீட்டில் வையுங்கள். மின்னஞ்சலும் அனுப்பலாம், ஆனால் முத்திரைக்கு ஈடு இல்லை. ஐந்து மாதம் நீளமாகத் தெரியும். கடிதம் மூன்று மேசை தாண்டுவதற்குள் இரண்டு மாதம் போய்விடும்.

பதிலாக "புதுப்பிக்கவில்லை" என்று வந்தாலோ, விசாரணை, மெமோ என்று வேறெதுவும் முளைத்தாலோ, கடிதம் கைக்கு வந்த தேதியை அந்தக் கடிதத்தின் மூலையிலேயே பேனாவால் எழுதிவிட்டு அன்றே யூனியன் அலுவலகத்துக்குப் போங்கள். 21 நாள் என்பதை நீங்கள் 14 என்று வைத்துக்கொள்ளுங்கள். பிஜியில் தொழில் சட்டத் திருத்தம் அடிக்கடி பேசப்படும் விஷயம் என்பதால், படிவம் கொடுக்கப்போகும் அன்றே அந்தக் கெடு இன்று எத்தனை நாள் என்று கேட்டு உறுதி செய்துகொள்ளவும். குறை முதலில் போவது தொழில் அமைச்சகத்தின் சமரசப் பிரிவுக்கு, அங்கே பேசித் தீராவிட்டால் வேலை உறவுத் தீர்ப்பாயத்துக்கு. இரண்டு இடத்திலும் யூனியன் அலுவலர் உங்களுக்காகப் பேசலாம்.

சேர்ந்த பிறகு செய்யக்கூடாதது என்று ஒன்றிரண்டு. பொறுப்பு ஏதும் ஏற்காதீர்கள், கிளைச் செயலாளர் பதவிக்கு ஆள் இல்லை என்று கெஞ்சினாலும். தேர்தல் காலத்தில் எந்தக் கட்சிக் கூட்டத்தின் பக்கமும் போகாதீர்கள், போட்டோவில்கூட இருக்க வேண்டாம். அலுவலகத்தில் பூர்வகுடியினர் ஒரு பக்கம், இந்திய வம்சாவளியினர் ஒரு பக்கம் என்று யாராவது பிரித்துப் பேசினால் அதில் நமக்கு வேலையில்லை. ஆசிரியர்களுக்கு அங்கே இரண்டு யூனியன்கள் இருக்கின்றன, பிஜி டீச்சர்ஸ் யூனியன் என்றும் பிஜியன் டீச்சர்ஸ் அசோசியேஷன் என்றும், யார் யார் எதில் என்பது பெயரிலேயே பாதி புரிந்துவிடும். உங்கள் யூனியனின் நல்ல குணம், அது ஒரே வீடாக இருந்ததுதான். பவாந்திராவும் சவுத்ரியும் ஒரே அலுவலகத்தில் உட்கார்ந்தவர்கள்.

ஒரு சந்தேகம் உங்களுக்கு இருக்கும், கேட்கவில்லை. யூனியன்காரர்கள் நம்மை மதிப்பார்களா, வெளியூர்க்காரன் என்று ஒதுக்குவார்களா? வெள்ளிக்கிழமை சாயங்காலம் வேலை முடிந்ததும் யங்கோனா கலக்குவார்கள், பாயில் உட்கார்ந்து. உங்களையும் கூப்பிட்டிருப்பார்கள், நீங்கள் நாசூக்காக நழுவியிருப்பீர்கள். ஒருநாள் போய் உட்காருங்கள். தேங்காய்ச் சிரட்டையில் தருவார்கள். ஒருமுறை கைதட்டி வாங்கி, "பூலா" என்று சொல்லி ஒரே மூச்சில் குடித்துவிட்டு, மூன்று முறை கைதட்டுங்கள். வேர்ச்சாறு, சேற்றுத் தண்ணீர் மாதிரி இருக்கும், நாக்கு கொஞ்சம் மரத்துப்போகும், போதை என்று பயப்பட ஒன்றுமில்லை. எந்த மேசையில் எந்தக் கோப்பு நிற்கிறது, யாருக்குப் புதுப்பிப்பு வந்தது, எந்தப் படியில் வந்தது என்பதெல்லாம் மூன்றாவது சிரட்டைக்குப் பிறகு தானாக வரும். நான் சுவாவில் கற்ற சட்டத்தில் பாதி அந்தப் பாயில் கற்றது.

ஆகவே கையெழுத்துப் போடுங்கள். திங்கட்கிழமையே போடுங்கள், ஏனென்றால் இன்றைய தேதியில் உங்களுக்கு நடப்புத் தகராறு எதுவும் இல்லை, யாரும் உங்களைப் பார்த்து "வம்பு வந்ததும் ஓடி வந்தான்" என்று சொல்ல முடியாது. பக்கத்து மேசைக்காரரிடம் கொடுத்துவிட்டு வந்துவிடாமல் நீங்களே அலுவலகத்துக்குப் போய்க் கொடுங்கள், முதல் சந்தாவுக்கு ரசீது வாங்குங்கள். படிவத்தில் கையெழுத்துக்குக் கீழே தேதி எழுதும் இடத்தைக் காலியாக விடாதீர்கள்.